கடுகு என்று நினைத்து வளர்த்த களை

போன ஞாயிறு காலை, களையை எண்ணுவதற்காக நான் பைப்பில் செய்து வைத்திருக்கும் ஒரு சதுர அடிச் சட்டத்தைத் தோட்டத்தில் ஐந்து இடத்தில் போட்டு எண்ணினேன். 1, 0, 3, 0, 2. ஐந்து சதுர அடிக்கு மொத்தமே ஆறு களைச்செடி. மார்ச் மாதம் இதே தோட்டத்தில், இதே சட்டத்தில், ஒரு சதுர அடிக்குச் சராசரியாக 41 வந்தது. அன்றைக்கு எண்ணி முடித்துவிட்டுப் பேசாமல் தரையைச் சிமென்ட் போட்டு மூடிவிடலாமா என்று யோசித்தவன் நான். இப்போது எழுதலாம் என்று தைரியம் வந்திருக்கிறது.

இடம் மாதவரம் பால்பண்ணைப் பக்கம். வீட்டுக்குப் பின்னால் 10 அடிக்கு 25 அடி மண் தரை. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது அங்கே முழங்காலுக்கு மேல் தண்ணீர் நின்று, வைத்திருந்த கத்தரியும் வெண்டையும் அழுகிப்போயின. அடுத்த மழைக்குள் முக்கால் அடி உயர்த்திவிட வேண்டும் என்று 2024 ஆகஸ்டில் இரண்டு யூனிட் சவுடு மண் லாரியில் கொண்டுவந்து கொட்டினேன். இறக்கும் கூலியோடு 5,600 ரூபாய். எந்த ஏரியிலிருந்து, எந்தக் காலி மனையிலிருந்து வந்தது என்று கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் டிரைவர் சரியாகச் சொல்லியிருப்பாரா தெரியாது. களை அந்த லோடில்தான் வந்தது என்பது என் கணிப்பு. அதற்கு முன்னால் பதினோரு வருஷமாக இந்தச் செடியை எங்கள் காம்பவுண்டுக்குள் பார்த்ததில்லை.

அக்டோபரில் மழை பிடித்ததும் ஒரு பாத்தியில் முள்ளங்கி, ஒரு பாத்தியில் கடுகு தூவினேன். கடுகு சமையல் டப்பாவிலிருந்து எடுத்ததுதான். கடுகுக்கீரை தொட்டியில் வளர்த்த அனுபவம் உண்டு, தரையில் இதுதான் முதல் தடவை. ஆறாம் நாள் பாத்தி முழுக்கப் பச்சை. விதைத்த இடம், விதைக்காத இடம் என்று வித்தியாசமே இல்லாமல் முளைத்திருந்தது. தூவும்போது காற்றில் சிதறியிருக்கும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். பக்கத்து வீட்டு அக்கா மதில்மேல் எட்டிப் பார்த்து, "இன்னா தம்பி, காடு மாதிரி கீரை போட்டுக்கீற?" என்றார். பெருமையாகத்தான் இருந்தது.

முதல் தப்பு இங்கேதான். நெருக்கமாக இருக்கிறதே என்று கலைத்துவிட உட்கார்ந்தேன். எது கடுகு, எது வேறு என்று பார்க்காமல், வாட்டசாட்டமாக இருந்ததை விட்டுவிட்டு நோஞ்சானைப் பிடுங்கினேன். வாட்டசாட்டமாக இருந்ததெல்லாம் களை. நான் பிடுங்கிப் போட்டதில் பாதி கடுகு.

நவம்பர் கடைசியில் பூத்தது. கடுகுப் பூ மஞ்சள். இதுவோ வெளிர் ஊதா. நான்கு இதழ்தான், ஆனால் கடுகு மாதிரி சிலுவையாக விரியாமல் நான்கும் ஒரே பக்கம் மேல்நோக்கி நிற்கின்றன. நடு இதழ் இரண்டில் மட்டும் மஞ்சள் பட்டை. வேலிப் பக்கம் இன்னொன்று மஞ்சளாகவே பூத்திருந்தது. அதைத் தொட்டால் விரலில் பிசின் ஒட்டியது. அக்காவைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவருக்கு அம்மா வீடு கூடூர்ப் பக்கம். மஞ்சள் பூவைப் பார்த்ததும், "ஐய, இது குக்கவாமிண்ட்டா தம்பி. நாய்க்கடுகுன்னு சொல்வாங்களே, அது" என்றார். தெலுங்கில் குக்க என்றாலும் நாய்தான். ஊதாவுக்கு அவரிடம் பெயர் இல்லை. அவர் சின்ன வயதில் பார்த்ததும் இல்லையாம்.

அப்புறம்தான் தேட ஆரம்பித்தேன். மஞ்சள் பூ நாய்க்கடுகு, நாய்வேளை என்றும் சொல்வார்கள், அறிவியல் பெயர் கிளியோம் விஸ்கோசா. ஊதாப்பூ கிளியோம் ருட்டிடோஸ்பெர்மா, ஆப்பிரிக்காவிலிருந்து கிளம்பி ஆசியாவின் வெப்பப் பகுதிகளில் பரவியது. அக்காவுக்குப் பெயர் தெரியாததற்குக் காரணம் இதுதான் போலிருக்கிறது. நான் அதை ஊதா வேளை என்று கூப்பிடுகிறேன். இரண்டும் கடுகுக் குடும்பமா என்றால் பங்காளி என்று சொல்லலாம். பூக்கும் செடிகளைத் தாவரவியல்காரர்கள் குடும்பம் குடும்பமாகப் பிரிக்கும் ஏ.பி.ஜி. வகைப்பாட்டில் 1998-இல் வந்தது கடுகையும் வேளையையும் ஒரே குடும்பத்தில் சேர்த்தது, 2009-இல் வந்தது பாகம் பிரித்து வைத்துவிட்டது. நம் ஊர்க்காரர்கள் அதற்கெல்லாம் முன்னாலேயே விதையைப் பார்த்துக் கடுகு என்றும், தரத்தைப் பார்த்து நாய் என்றும் பெயர் வைத்து வேலையை முடித்துவிட்டார்கள்.

அடையாளம் காணும் விஷயத்தில் மட்டும் கொஞ்சம் நின்று சொல்கிறேன், ஏனென்றால் என் காசும் நேரமும் அதிகம் போனது இங்கேதான். பூக்கும்வரை காத்திருந்து தெரிந்துகொள்வதில் பிரயோஜனம் இல்லை. முளைத்த நான்காம் நாளே தெரிய வேண்டும். அதற்கு விதையிலையை, அதாவது முளைத்ததும் முதலில் விரியும் இரண்டு இலையைப் பார்க்க வேண்டும். கடுகு, முள்ளங்கி, கோஸ் எல்லாவற்றுக்கும் விதையிலை இரண்டும் இதய வடிவம், நுனியில் நன்றாகப் பள்ளம் விழுந்திருக்கும். வேளைக்கு விதையிலை சின்னது, நீள்வட்டம், பள்ளம் கிடையாது. அடுத்து வரும் இலை இன்னும் சுலபம். கடுகுக்கு ஒற்றை இலை, ஓரத்தில் பல் பல்லாக வெட்டு. வேளைக்கு மூன்று சிற்றிலை, சின்ன வில்வம் மாதிரி. நாய்க்கடுகில் ஐந்தும் வரும். காயை உடைத்தாலும் தெரியும். கடுகுக் காய்க்குள் நடுவில் காகிதம் மாதிரி ஒரு சவ்வு உண்டு, விதை இரண்டு பக்கமும் ஒட்டியிருக்கும். வேளைக் காய்க்குள் அந்தச் சவ்வு இல்லை. ஓடு கழன்று விழுந்த பிறகு ஒரு மெல்லிய கம்பி வளையம் மாதிரி சட்டம் மட்டும் செடியில் தொங்கும். அப்படித் தொங்குவதைப் பார்த்தீர்கள் என்றால் விதை எல்லாம் ஏற்கெனவே தரைக்குப் போய்விட்டது என்று அர்த்தம்.

என் மகளுடைய பத்து ரூபாய் பூதக்கண்ணாடி இதற்குப் போதும். முதலில் போனில் படம் எடுத்துப் பெயர் சொல்லும் செயலியை நம்பினேன். நாற்றுப் பருவத்தில் அது ஒரு தடவை புளியாரை என்றது, ஒரு தடவை வெந்தயம் என்றது.

சரி, ஜனவரி. காய் காய்த்துத் தொங்கியபோது மொத்தமாகப் பிடுங்கினேன். மண் ஈரமாக இருந்ததால் ஆணிவேரோடு சுகமாக வந்தது. இரண்டு ஞாயிறு, மொத்தம் ஏழு மணி நேரம், ஆறு சிமென்ட் சாக்கு. அதை அப்படியே கம்போஸ்ட் தொட்டியில் கொட்டினேன். வெளியே போடக் கூடாது, நம் மண்ணின் சத்து நமக்கே என்று ஒரு நல்லெண்ணம். ஆனால் என் தொட்டி பழைய டிரம்மில் ஓட்டை போட்டது, 200 லிட்டர். அது சூடே ஆவதில்லை. கையை விட்டுப் பார்த்தால் வெதுவெதுப்புகூட இருக்காது. பிப்ரவரி கடைசியில் அந்தக் கம்போஸ்டை எடுத்து, களை அவ்வளவாக இல்லாத தென்மூலைப் பாத்தியில் பரப்பினேன். மார்ச் இரண்டாம் வாரம் தண்ணீர் விட்டதும் தோட்டத்திலேயே அதிக நெருக்கமாக முளைத்தது அந்தத் தென்மூலைதான். சதுர அடிக்கு 63.

கம்போஸ்டில் போடுவதற்கு முன்னால் விதைக்கு உயிர் இருக்கிறதா என்று சோதித்தவன்தான். அந்தக் கதை இன்னும் கேவலம். ஈர டிஷ்யூவில் 50 விதை வைத்துப் பத்து நாள் பார்த்தேன். இரண்டு முளைத்தது. ஆகா, பெரும்பாலும் செத்த விதை, கவலை இல்லை என்று முடிவு கட்டினேன். அதே செடியின் விதையைக் கவரில் போட்டு அலமாரியில் மறந்துவிட்டேன். ஏப்ரலில் கண்ணில் பட்டபோது இன்னொரு 50 எடுத்து அதே மாதிரி வைத்தேன். 19 முளைத்தது. புது விதை தூங்குகிறது, செத்துப்போகவில்லை. மூன்று மாதம் கழித்து எழுந்துகொள்கிறது. இதைத் தெரிந்துகொள்ளாமல் சோதனை செய்ததற்குச் சோதிக்காமலே இருந்திருக்கலாம்.

பிப்ரவரியில் இன்னொரு கூத்தும் நடந்தது. அமெரிக்கக்காரர்கள் கடுகுக் குடும்பக் களையை எப்படி ஒழிக்கிறார்கள் என்று படித்தேன். அவர்களுடைய வில்லன் கார்லிக் மஸ்டர்ட். ஐரோப்பாவிலிருந்து போனது, 1868-இல் நியூயார்க் பக்கம் லாங் ஐலண்டில் முதலில் பதிவானது. இலையைக் கசக்கினால் பூண்டு வாசனை. முதல் வருஷம் தரையோடு இலையாகக் கிடந்து, இரண்டாம் வருஷம் வசந்தத்தில் பூத்துக் காய்த்துச் செத்துவிடும். அதனால் அங்கே பூக்கும் சமயத்தில் ஒரு தடவை ஆட்களைத் திரட்டிப் பிடுங்கி, பையில் கட்டிப் போட்டுவிட்டால் அந்த வருஷத்துக் கணக்கு முடிந்தது. மண்ணில் விதை பல வருஷம் இருக்கும், அதனால் வருஷாவருஷம் வர வேண்டும், அவ்வளவுதான். நானும் அதே திட்டத்தை எடுத்துக்கொண்டேன். வருஷத்துக்கு ஒரு பெரிய பிடுங்கல், டிசம்பர்–ஜனவரியில். மற்ற மாதம் நிம்மதி.

நம் செடிக்கு வசந்தமும் கிடையாது, இரண்டாம் வருஷமும் கிடையாது. மாதவரத்தில் குளிரும் இல்லை, போர்த் தண்ணீர் நிற்பதும் இல்லை. அது எந்த மாதம் வேண்டுமானாலும் முளைக்கும். மார்ச்சில் முளைத்த பத்துச் செடிக்குக் கம்பளி நூல் கட்டி, தேதி எழுதி வைத்தேன். முதல் பூ 27-ஆம் நாளிலிருந்து 33-ஆம் நாளுக்குள் வந்துவிட்டது. பூ வந்து 17, 18 நாளில் முதல் காய் பழுப்பானது. ஆக முளைத்து ஆறேழு வாரத்தில் விதை தரையில். ஒரு வருஷத்தில் எத்தனை தலைமுறை என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். நூல் கட்டியதில் ஒரு பெரிய செடியை விட்டுவைத்து எண்ணினேன், 57 காய். பத்துக் காயை உடைத்து எண்ணியதில் 176 விதை. ஒரு செடிக்கு ஆயிரம். அவர்கள் பாணியில் வருஷம் ஒரு தடவை பிடுங்கினால் நான் அறுவடை செய்கிறவன், ஒழிக்கிறவன் இல்லை.

மார்ச்சில் செய்த இன்னொரு காரியத்தைச் சொல்லவே வெட்கமாக இருக்கிறது. வினிகர், கல்லுப்பு, பாத்திரம் தேய்க்கும் லிக்விட் மூன்றையும் கலந்து அடித்தால் களை கருகும் என்று ஒரு வீடியோ. 200 ரூபாய் செலவு. அடித்த மறுநாள் இலையெல்லாம் காய்ந்து கிடந்தது, சந்தோஷம். பன்னிரண்டாம் நாள் அடித்தண்டிலிருந்து புதுத் துளிர். வினிகர் வேர்வரை போவதில்லை. உப்பு மட்டும் மண்ணிலேயே தங்கிவிட்டது. எங்கள் போர்த் தண்ணீரே டிடிஎஸ் மீட்டரில் 1,700-ஐத் தாண்டும். அந்த மண்ணுக்கு இன்னும் இரண்டு கிலோ உப்பை நானே சுமந்து போய்ப் போட்டிருக்கிறேன். பக்கத்திலிருந்த கத்தரிச் செடி இரண்டும் ஓரம் கருகிச் செத்தன. வேளை சாகவில்லை.

மூலக்கடையில் ஒரு கடையில் கேட்டபோது கிளைபோசேட் என்ற களைக்கொல்லி பாட்டிலை எடுத்து வைத்தார்கள். 2022 அக்டோபரில் மத்திய அரசு அதைப் பூச்சிக்கட்டுப்பாட்டு ஆட்கள் வழியாக மட்டுமே அடிக்கலாம் என்று அறிவித்தது எனக்கு ஞாபகம் இருந்தது. அது போக, கீரை பறிக்கிற 250 சதுர அடிக்கு அதை வாங்கிக்கொண்டு வர எனக்கு மனம் ஒப்பவில்லை. 160 ரூபாய்க்கு ஒரு களைக்கொத்தி மட்டும் வாங்கிக்கொண்டு வந்தேன். வாங்கியதில் உருப்படியான பொருள் அதுதான். அரை அங்குல பிவிசி பைப்பில் உள்ளளவு ஒரு அடிக்கு ஒரு அடியாகச் சட்டம் செய்ததும் அப்போதுதான். பைப்பும் நான்கு எல்போவும் 70 ரூபாய். எண்ணாமல் செய்த வேலை எல்லாம் குத்துமதிப்புதான் என்று அதற்குள் புத்தி வந்திருந்தது.

வெயிலை வைத்து விதையை அவிக்கலாம் என்ற யோசனை சரியான யோசனை. செய்த விதம்தான் முதலில் தப்பு. ஏப்ரல் முதல் வாரம் கறுப்பு மல்ச்சிங் ஷீட் 25 மீட்டர் வாங்கி விரித்தேன், 450 ரூபாய். கறுப்புதானே சூட்டை இழுக்கும்? இழுக்கிறது, ஆனால் தானே வைத்துக்கொள்கிறது. ஷீட்டின்மேல் கை வைக்க முடியவில்லை. கீழே இரண்டு அங்குலம் ஆழத்தில் கம்பி தெர்மாமீட்டரைக் குத்திப் பார்த்தால் மதியம் இரண்டு மணிக்கு 42 டிகிரி. வெறும் மண்ணே 40 காட்டியது. தெர்மாமீட்டர் 280 ரூபாய், கேக் சுடுகிறவர்கள் வைத்திருப்பது. அதை வாங்கியிராவிட்டால் இன்னும் ஒரு மாதம் கறுப்பு ஷீட்டையே நம்பிக்கொண்டிருப்பேன்.

ஏப்ரல் 20-ஆம் தேதி கறுப்பை எடுத்துவிட்டுக் கண்ணாடி மாதிரி தெளிவான பாலிதீன் போட்டேன். 200 கேஜ், அதாவது 50 மைக்ரான். எடை போட்டு விற்கிறார்கள், கிலோ 220, ஒன்றரைக் கிலோ 330 ரூபாய். போடுவதற்கு முன்னால் மண்ணைச் சமப்படுத்தி, கட்டி உடைத்து, ஒரு சாண் ஆழம் நனையும்படி தண்ணீர் விட்டேன். காய்ந்த விதை சூட்டைத் தாங்கும், ஊறிய விதைதான் அவியும். ஷீட் மண்ணோடு ஒட்டிக் கிடக்க வேண்டும், நடுவில் காற்று நின்றால் சூடு ஏறாது. நான்கு ஓரமும் அரை அடிப் பள்ளம் வெட்டி, ஷீட்டை உள்ளே மடித்து மண் தள்ளி மிதித்தேன். மறுநாளே அதே ஆழத்தில் 51. அக்னி நட்சத்திரத்தில் ஒரு நாள் 54 தொட்டது. தெருப்பூனை ஒன்று ராத்திரியில் அதன்மேல் நடந்து நகத்தால் ஆறு இடத்தில் ஓட்டை போட்டது. அகலமான செலோடேப் ஒட்டினேன். தூசி படிந்தால் சூடு மூன்று, நான்கு டிகிரி குறைகிறது. எங்கள் தெருவில் லாரிப் புழுதி அதிகம், அதனால் இரண்டு நாளுக்கு ஒரு தடவை ஈரத் துணி மாப்பால் துடைத்தேன். தோட்டத்துக்கு மாப் போடுகிறவரை இப்போதுதான் பார்க்கிறேன் என்று வீட்டில் சிரித்தார்கள்.

ஐந்து வாரம் கழித்து ஷீட்டை எடுத்தேன். ஜூன் மாதம் தண்ணீர் விட்டு, பத்து நாள் கழித்து எண்ணினால் நடுப்பகுதியில் சதுர அடிக்கு 6. ஆனால் ஓரத்தில் ஒரு அடி அகலத்துக்கு 19. ஓரம் பக்கத்து மண்ணுக்குச் சூட்டைக் கொடுத்துவிடுகிறது, வேகவில்லை. அடுத்த தடவை போட்டால் ஷீட் பாத்தியைவிட ஒவ்வொரு பக்கமும் இரண்டு அடி கூடுதலாக இருக்க வேண்டும். மதில் இருக்கும் பக்கம் அது முடியாது, அங்கே கையால்தான்.

இதற்கு மேல் நான் மண்ணைக் கொத்துவதில்லை. கொத்தினால் ஆழத்தில் வேகாமல் கிடக்கும் விதையை மேலே கொண்டுவந்து தட்டில் வைத்துக் கொடுத்த மாதிரி. பாத்தி தயார் செய்து, எதையும் விதைக்காமல் தண்ணீர் மட்டும் விடுவேன். எட்டு, பத்து நாளில் முளைப்பது முளைக்கட்டும். விதையிலைப் பருவத்திலேயே களைக்கொத்தியைப் படுக்கை வாட்டில் பிடித்து, அரை அங்குலத்துக்கு மேல் இறங்காமல் சுரண்டி வெயிலில் விட்டுவிடுவேன். காலை ஒன்பது மணிக்குச் சுரண்டினால் மதியத்துக்குள் சருகு. இப்படி மூன்று தடவை, ஜூன் நடுவிலிருந்து ஜூலை கடைசிவரை. மூன்றாம் தடவை சுரண்ட ஒன்றும் பெரிதாக இல்லை. அப்புறம்தான் விதைத்தேன்.

இத்தனையும் செய்த பிறகு ஆகஸ்டில் மாடித் தொட்டியில் ஊதாப் பூ. மாடியில்! சவுடு மண் மாடிக்குப் போகவில்லை, கம்போஸ்டும் போகவில்லை. மதிலில் விரிசல் இருக்கும் இடத்திலெல்லாம் வரிசையாக முளைத்திருந்தது. ஒரு நாள் சாயங்காலம் பூதக்கண்ணாடியோடு உட்கார்ந்தபோதுதான் விஷயம் புரிந்தது. விதையில் ஒரு பக்கம் வெள்ளையாக ஒரு துணுக்கு ஒட்டியிருக்கிறது. எறும்புக்கு அது தீனி. விதையைத் தூக்கிக்கொண்டு போய், துணுக்கைத் தின்றுவிட்டு விதையைப் புற்றுக்குப் பக்கத்திலேயே எறிந்துவிடுகிறது. விரிசலுக்குள் புற்று, புற்றைச் சுற்றி நாற்றங்கால். மாடிக்குப் போகும் தண்ணீர்க் குழாய்தான் அவற்றுக்கு ஏணி.

அதற்கு நானே விருந்தும் வைத்திருந்தேன். ஜூலையில் மூடாக்குப் போட, அதாவது மண்ணை மேலே மூடி வைக்க, தெருமுனைக் கரும்பு ஜூஸ் வண்டிக்காரரிடம் சக்கையைச் சாக்குச் சாக்காக வாங்கி வந்து மூன்று அங்குலம் பரப்பியிருந்தேன். காசில்லாமல் கிடைத்ததே என்று ஒரே மகிழ்ச்சி. இனிப்பு மிச்சம் இருக்கும் சக்கைக்கு வடசென்னை எறும்பு மொத்தமும் வந்து குடியேறியது. இப்போது சக்கையை டிரம்மில் இரண்டு நாள் ஊறவைத்து, பிழிந்து, மாடியில் மூன்று நாள் காயவைத்துத்தான் போடுகிறேன். மூடாக்கு வேலை செய்கிறது, அதில் சந்தேகமில்லை. மூன்று அங்குலத்துக்குக் கீழே முளைத்த நாற்று வெளியே வருவதில்லை. விரிசலுக்குச் சிமென்ட் பூசினேன், மணலோடு சேர்த்து 90 ரூபாய்.

பிடுங்குவதற்கு இப்போது ஒரே ஒரு விதிதான். பதினெட்டு நாளுக்கு ஒரு தடவை தோட்டம், மதில் ஓரம், மாடி, வாசல் சாக்கடை மூடி என்று ஒரு சுற்று. பூ இருந்தாலும் காய் பழுக்க நேரம் கிடைக்காது என்பதுதான் அந்தக் கணக்கு. சுற்றுக்கு இப்போது இருபது நிமிஷம். காய் இல்லாத செடி அங்கேயே மூடாக்காகக் கிடக்கலாம். காய் ஒன்று இருந்தாலும் அது கறுப்புக் குப்பைப் பைக்குள், வாயை இறுக்கிக் கட்டி, மொட்டை மாடி வெயிலில் ஒரு மாதம். ஒரு தடவை அக்டோபர் மழை வாரத்தில் சுற்றுப் போக முடியாமல் 29 நாளாகிவிட்டது. வேலியோரம் நான்கு செடி காயை உதறிவிட்டிருந்தன. அந்த இடத்தில் இன்னும் முளைத்துக்கொண்டே இருக்கிறது. போன ஞாயிறு எண்ணிக்கையில் வந்த அந்த 3, அங்கேதான்.

முள்ளங்கிக்கு இதனால் என்ன லாபம் என்று கேட்டால், புழு. போன வருஷம் முள்ளங்கிக் குருத்துக்குள் வலை கட்டிக்கொண்டு கோடு போட்ட புழு ஒன்று நடுக்குருத்தைத் தின்று, 40 செடியில் 26-ஐக் கிழங்கே வைக்கவிடாமல் செய்துவிட்டது. அதே புழு ஊதா வேளையின் நுனியிலும் வலை கட்டியிருந்ததைக் கண்ணால் பார்த்தேன். பங்காளி வீடு காலியாகும்வரை இந்த வீட்டுக்கும் விருந்தாளி ஓயமாட்டான். இந்த வருஷம் 40-இல் 5 போனது. களை குறைந்ததுதான் காரணம் என்று அடித்துச் சொல்லமாட்டேன், இந்த வருஷம் மேலே கொசுவலையும் கட்டியிருந்தேன்.

சாப்பிடலாமே என்று சிலர் கேட்கிறார்கள். நாய்க்கடுகு விதையை உத்தராகண்டில் ஜக்கியா என்று தாளிக்கவே வைத்திருக்கிறார்கள். அதைக் கேட்டு, என் வேலிப் பக்கத்துச் செடியிலிருந்து ஒரு ஸ்பூன் சேர்த்து உருளைக்கிழங்குக்குத் தாளித்துப் பார்த்தேன். கடுகைவிட மொறுமொறுப்பு, வாசனை வேறு மாதிரி, நன்றாகவே இருந்தது. ஆனால் ரோட்டோரக் காலி மனையில் கறுப்பாகச் சின்னதாக எது கிடைத்தாலும் கடுகு என்று எடுத்துவிடாதீர்கள். முள் இலையும் மஞ்சள் பூவுமாக நிற்கும் பிரம்மதண்டின் விதையும் பார்ப்பதற்குக் கடுகு மாதிரிதான், அது கசகசாவின் குடும்பம். 1998-இல் டெல்லியில் கடுகெண்ணெயில் அது கலந்து, கால் வீங்கி, இதயம் பழுதாகி, அறுபதுக்கு மேல் ஆட்கள் செத்தார்கள். எங்கள் தெருக்கோடி மனையில் இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கின்றன. மூன்று அல்லது ஐந்து சிற்றிலையும் பிசினும் இருந்தால்தான் நாய்க்கடுகு.

செலவு மொத்தம் 1,580. சவுடைச் சேர்க்கவில்லை. அதில் வினிகரும் உப்பும் வாங்கிய 200 சுத்த நஷ்டம். கறுப்பு ஷீட் 450, இப்போது நடைபாதையில் கிடக்கிறது, அங்கே ஒன்றும் முளைப்பதில்லை, அதனால் பாதி நஷ்டம் என்று எழுதிக்கொள்கிறேன். மறுபடி சவுடு அடிக்க வேண்டி வந்தால் ஒரு கூடை முன்கூட்டியே வாங்கி, தட்டில் பரப்பி, தண்ணீர் தெளித்து மூன்று வாரம் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் லோடு சொல்வேன். ஆறு தட்டு, ஒரு கூடை மண், செலவே கிடையாது. முதல் வேலையாகச் செய்திருக்க வேண்டியது அது.

அக்கா மட்டும் நாய்க்கடுகு இரண்டு செடியை விட்டுவைக்கச் சொல்லியிருக்கிறார், உருளைக்கிழங்கு வறுவல் அவருக்குப் பிடித்துப்போய்விட்டது. ஒரு பெரிய தொட்டியில் வைத்து, தொட்டியைத் தண்ணீர்த் தட்டில் நிறுத்தியிருக்கிறேன், எறும்பு ஏறக் கூடாது. தட்டில் கொசு முட்டையிடாமல் இருக்க மூன்று நாளுக்கு ஒரு தடவை தண்ணீர் மாற்றுவது அக்காவின் பொறுப்பு. ஊதா வேளையிலும் ஒன்றைப் பிடுங்காமல் நூல் கட்டி வைத்திருக்கிறேன். கோடைக் கணக்கு கையில் இருக்கிறது. மார்கழியில் முளைப்பது எத்தனை நாளில் பூக்கிறது என்று தெரிந்தால், குளிர்மாதத்தில் பதினெட்டு நாளை இருபத்தைந்தாக நீட்ட முடியுமா என்று பார்க்கலாம். இன்றைக்கு அதற்கு 14-ஆம் நாள்.